மைன்கிராஃப்ட் செல்லங்கள்: எங்கள் மொட்டைமாடியில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

புதுச்சேரி முத்தியால்பேட்டையில் எங்கள் வீட்டு மொட்டைமாடிக்கு, சனிக்கிழமை சாயங்காலமானால் ஐந்தாறு பிள்ளைகள் போனும் கையுமாக ஏறி வந்துவிடுவார்கள். மைன்கிராஃப்ட் என்பது பிளாக் எனப்படும் சதுரக் கட்டைகளால் ஆன உலகத்தில் ஆடும் வீடியோ கேம். என் ஹாட்ஸ்பாட்டில் எல்லோருக்கும் பொதுவாக அப்படி ஓர் உலகம் ஓடுகிறது. போனில் ஆடுவது பெட்ராக் பதிப்பு. லேப்டாப்பில் நான் தனியாக ஜாவா பதிப்பு ஆடுகிறேன். வீடு கட்டுவது, வைரம் தோண்டுவது பற்றியெல்லாம் என்னை யாரும் கேட்பதில்லை. அதில் அவர்கள் எனக்கே வாத்தியார்கள். என்னிடம் வருவது நாய், பூனை, கிளி, குதிரை வழக்குகள் மட்டும். ஒரே கேள்விக்குப் பத்துத் தடவை பதில் சொல்லி வாய் வலித்ததால் எழுதி வைக்கிறேன். பழக்குவது ஐந்து நிமிஷ வேலை. பழக்கியதைத் தொலைக்காமல், சாகவிடாமல் வைத்துக்கொள்வதில்தான் பாடு. அதனால் பதில்களும் அந்தப் பக்கமே சாயும்.

அக்கா, ஏழு எலும்பு போட்டுட்டேன். இன்னும் ஓநாய் நாயாகல. கேம் கெட்டுப்போச்சா?

கெடவில்லை. உனக்குத் தாயம் விழவில்லை, அவ்வளவுதான். ஒவ்வோர் எலும்புக்கும் ஓநாய் பழகுவதற்கான வாய்ப்பு மூன்றில் ஒன்று. முன்னால் எத்தனை தின்றது என்று ஓநாய் கணக்கு வைத்துக்கொள்வதில்லை. எட்டாவது எலும்புக்கும் அதே மூன்றில் ஒன்றுதான். தாயக்கட்டை உருட்டும் எங்கள் பாட்டிக்கு இது சொல்லாமலே விளங்கியது, பத்தாம் வகுப்புப் பையனுக்குத்தான் காகிதத்தில் போட்டுக் காட்ட வேண்டியிருந்தது. நூறு பேர் முயன்றால் அதில் ஆறு பேருக்கு ஏழு எலும்பும் வீணாகத்தான் போகும். நீ அந்த ஆறில் ஒருவன். பத்து எலும்போடு போனால் நூற்றுக்கு 98 பேர் நாயோடு திரும்புவார்கள். ஆகவே பத்து சேராமல் காட்டுப் பக்கம் போகாதே.

ஸ்கெலிட்டன் என்ற அம்பு விடும் எலும்புக்கூடு செத்தால் எலும்பு கிடைக்கும். அதற்காக ராத்திரி முழுக்க அதனோடு மல்லுக்கட்ட வேண்டாம். விடியற்காலையில் திறந்தவெளியில் நிற்கும் ஸ்கெலிட்டன்கள் வெயில் பட்டு எரிந்து விழும். பொழுது புலர்ந்ததும் ஒரு சுற்றுப் போய்ப் பொறுக்கிக்கொண்டு வா.

பழகிவிட்டால் இதயங்கள் பறக்கும், கழுத்தில் சிவப்புப் பட்டை வரும். புகை கிளம்பினால் இந்த எலும்பு போச்சு என்று அர்த்தம். ஒன்று மட்டும் செய்யாதே: ஓநாயைத் தவறிக்கூட அடித்துவிடாதே. கோபம் ஏறிய ஓநாயிடம் எலும்பு செல்லாது, பக்கத்தில் நிற்கும் கூட்டமும் சேர்ந்து பாயும்.

எல்லாருக்கும் ஒரே சாம்பல் கலர் நாய்தானா?

முன்பு அப்படித்தான். 2024இல் இருந்து ஒன்பது வகை இருக்கிறது. எந்த நிலத்தில் பிடிக்கிறாயோ அந்த நிலத்து நிறம். சவான்னா என்ற புல்வெளிப் பீடபூமியில் புள்ளி போட்டது, பனி படிந்த மலைத்தோப்பில் வெள்ளை, மரம் குறைந்த ஜங்கிளில் துரு நிறம். கழுத்துப் பட்டையின் நிறத்தைச் சாயம் வைத்து மாற்றலாம். எங்கள் உலகத்தில் ஆளுக்கொரு பட்டை நிறம் என்று பிரித்துக்கொண்ட பிறகுதான் “அது என் நாய்” சண்டை ஓய்ந்தது.

நாய் காணாமப் போச்சு அக்கா. பின்னாடியேதான் வந்துச்சு.

மாடியில் அதிகம் கேட்கும் புலம்பல் இதுதான்.

பழகிய நாய்க்கும் பூனைக்கும் இரண்டே நிலை: உட்கார்ந்திருப்பது, உன் பின்னால் வருவது. ஒரு தட்டுத் தட்டினால் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு மாறும். பின்னால் வரும் நாய் 12 பிளாக் தூரம் பின்தங்கிவிட்டால் தானாகவே உன் பக்கத்தில் வந்து குதிக்கும். இதை நம்பித்தான் எல்லோரும் ஏமாறுகிறார்கள். நாய் நிற்கும் இடம் கேமில் உயிரோடு ஓடிக்கொண்டிருந்தால்தான் அது குதித்து வரும். நீ படகிலோ குதிரையிலோ வேகமாகப் போய்விட்டால் பின்னால் இருக்கும் நிலம் உறைந்துவிடும், நாயும் அங்கேயே உறைந்துவிடும். செத்துவிட்டது என்று அழாதே. கடைசியாக அதைப் பார்த்த இடத்துக்குத் திரும்பிப் போ, பெரும்பாலும் அங்கேதான் நிற்கும்.

உட்கார வைத்த நாய் எங்கும் வராது. நீ உலகத்தின் மறுகோடிக்குப் போனாலும் அதே இடத்தில் உட்கார்ந்திருக்கும். நல்லதுதான், ஆனால் எங்கே உட்கார வைத்தோம் என்பது நமக்கு மறந்துபோகும். பெட்ராக்கில் உலகத்தின் அமைப்புகளுக்குள் ஆயத்தொலைவை, அதாவது நீ நிற்கும் இடத்தைச் சொல்லும் மூன்று எண்களை, காட்டும் வசதி இருக்கிறது. ஜாவாவில் எஃப் 3 அழுத்தினால் தெரியும். நாயை உட்கார வைத்ததும் அந்த மூன்று எண்களை எழுதி வை. நான் கிழித்த காலண்டர் தாளின் பின்பக்கம் எழுதி அரிசி டப்பாவுக்கு அடியில் வைக்கிறேன். சிரிக்காதீர்கள், இதுவரை ஒரு நாயும் தொலையவில்லை.

கடல் தாண்டிப் போக வேண்டுமென்றால் நாயைப் படகில் ஏற்று. படகை மெதுவாக ஓட்டி அதன் மேல் இடித்தால் தானே ஏறி உட்கார்ந்துகொள்ளும். பெட்டி வைத்த படகு வேண்டாம், அதில் உன்னைத் தவிர ஆளுக்கு இடமில்லை.

நெதருக்கு, அந்த நெருப்பு உலகத்துக்கு, கூட்டிட்டுப் போலாமா?

வேண்டாம்.

ஏன்னு சொல்லுக்கா.

சொல்கிறேன். என் முதல் நாயின் பெயர் முந்திரி, பழுப்பு நிறம் என்பதால். நெதரில் லாவா என்ற நெருப்புக் குழம்பு ஏரியின் கரையில் நடந்துகொண்டிருந்தோம். எதிர்க்கரையில் ஒரு ஸ்கெலிட்டன் அம்பு விட்டது. ஸ்கெலிட்டனைக் கண்டால் நாய்க்கு யார் சொல்லவும் வேண்டாம், அதுவே பாயும். முந்திரி ஓரமாகப் பாய்ந்தது, இரண்டாவது அம்பு பட்டுப் பின்னால் தள்ளப்பட்டது, லாவாவில் விழுந்தது. திரையின் மூலையில் ஒரு வரி வந்தது, முந்திரி லாவாவில் நீந்தப் பார்த்தது என்று. மைன்கிராஃப்ட்டின் அந்தக் குறும்புத்தனமான மரணச் செய்தியைப் பார்த்து முன்பெல்லாம் சிரித்திருக்கிறேன். அன்றைக்கு லேப்டாப்பை மூடிவிட்டுக் கீழே போய்விட்டேன்.

செத்த செல்லத்தை மீட்க வழியே கிடையாது. ஆபத்தான இடத்துக்குக் கிளம்பும் முன் வீட்டுக்குள் உட்கார வை, கதவைச் சாத்து. மனசு கேட்காதவர்கள் முதலில் உலகத்தை ஒரு நகல் எடுத்துக்கொள்ளுங்கள். பெட்ராக்கில் உலகத்தின் பெயர் பக்கத்திலுள்ள பென்சிலைத் தொட்டு உள்ளே போனால் கீழே அந்த வசதி இருக்கும். இது கள்ளாட்டம் என்று எங்கள் மாடியில் ஒரு கட்சி சொல்கிறது. நான் அந்தக் கட்சி இல்லை.

நாய்க்கு உடம்பு சரியில்லைன்னு எப்படித் தெரியும்?

வாலைப் பார். நிமிர்ந்திருந்தால் திடம், தொங்கினால் அடிபட்டிருக்கிறது. கறி கொடு. எந்தக் கறியும் செல்லும். ஜாம்பி விட்டுப்போகும் அழுகல் கறியைத் தின்றால் நமக்கு வயிறு கெடும், நாய்க்கு ஒன்றும் ஆகாது. அதனால் அழுகல் கறியைக் குப்பை என்று எறியாமல் ஒரு பெட்டியில் சேர்த்து வை. பழகிய நாயின் உயிர் இப்போது 20 இதயம். 2024க்கு முன் பத்துதான்.

அதே ஆண்டு கவசமும் வந்தது. சவான்னாவிலும் பேட்லாண்ட்ஸ் என்ற செம்மண் பொட்டலிலும் ஆர்மடில்லோ என்று ஒரு பிராணி திரியும், நம் எறும்புதின்னி மாதிரி சுருண்டுகொள்ளும். அதைப் பிரஷ்ஷால் தேய்த்தால் ஓட்டுச்சில் ஒன்று விழும். அதற்கு வலிக்காது. ஆறு சில் சேர்ந்தால் நாய்க்கு ஒரு கவசம். அடி எல்லாம் கவசத்தில் விழும். விரிசல் தெரிந்தால் இன்னொரு சில்லை வைத்துச் சரிசெய்யலாம், கழற்றக் கத்தரிக்கோல் வேண்டும். வைரம் தேடி அலையும் நேரத்தில் பாதியை இதற்குச் செலவிட்டால் பாதி நாய்கள் பிழைக்கும்.

நான் ஸ்கூலுக்குப் போயிருக்கும்போது அதுக்குப் பசிக்காதா?

பசிக்காது. மைன்கிராஃப்ட் செல்லங்களுக்குப் பசியே கிடையாது. காயத்துக்கும் குட்டி போடவும் மட்டும்தான் தீனி. நீ வெளியே வந்துவிட்டால் அந்த உலகத்தில் நேரமும் நின்றுவிடும்.

இந்தக் கேள்வி முதலில் வந்தது 2024இல், ஃபெஞ்சல் புயலின்போது. நவம்பர் 30 ராத்திரி புயல் புதுச்சேரி பக்கம் கரை ஏறியது, விடிந்தால் தெருவெல்லாம் வெள்ளம், கரண்ட் இல்லை. மாடி வீட்டுக்காரர்கள் கீழ் வீட்டுச் சாமானையெல்லாம் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். எதிர்வீட்டுச் சின்னவள் மட்டும் அணைந்துபோன போனைப் பிடித்துக்கொண்டு, “உள்ள மணி என்ன சாப்பிடும்?” என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். மணி அவள் நாய். நேரம் நின்றுவிட்டது என்று சொன்னதும், “அப்ப அதுக்கு மழையே தெரியாதா?” என்றாள். தெரியாது கண்ணு.

பூனை கிட்டப் போனாலே ஓடுது.

நீ ஓடுகிறாய், அதனால் அதுவும் ஓடுகிறது. ஊர்களில் பூனை திரியும். கையில் பச்சை மீனைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நில். அதுவே மெல்ல வரும். வந்ததும் சட்டென்று திரும்பாதே, அப்படியே மீனைக் கொடு. காட் அல்லது சால்மன், இரண்டில் ஒன்று, சுடாமல். சுட்ட மீனைத் திரும்பிக்கூடப் பார்க்காது. நெத்திலித் தலை போட்டால் போதும் என்று வரும் நம் ஊர்ப் பூனை மாதிரி இல்லை, கொஞ்சம் பெரிய இடம். வாய்ப்பு இதற்கும் மூன்றில் ஒன்று.

பழைய வீடியோ பார்த்து ஜங்கிளில் ஆசிலாட் என்ற காட்டுப்பூனைக்கு மீன் கொடுத்துக்கொண்டிருக்காதே. அது மீன் தின்று வீட்டுப்பூனையாக மாறியது 2019க்கு முன். இப்போது நம்மைக் கண்டு ஓடாமல் இருக்கும், அவ்வளவுதான்.

ஒருவருக்கு ஒரே ஒரு செல்லம்தான் என்றால் நான் பூனையைத்தான் சொல்வேன். நாய்ப் பிரியர்கள் மன்னிக்கவும். நாய் பலவற்றின் மேலும் பாயும், க்ரீப்பர் மேல் பாயாது. நம் வீட்டை வெடி வைத்து உடைப்பதோ அதே க்ரீப்பர். பூனை இருக்கும் பக்கம் க்ரீப்பர் ஆறு பிளாக் தள்ளியே நிற்கும். தூங்காதவர்களைத் தேடி வானிலிருந்து இறங்கும் ஃபாண்டமும் அதற்குப் பயப்படும். வாசலுக்கு இரண்டு பக்கமும் ஒவ்வொரு பூனையை உட்கார வைத்தால் சண்டையே இல்லாமல் பாதிக் காவல் முடிந்தது. உட்கார வைக்காமல் விட்ட பூனை, நீ தூங்கி எழுந்தால் சில நாள் பரிசும் கொண்டுவந்து போடும்: இறகு, நூல், முயல் கால். சில நாள் அழுகல் கறி. நிஜப் பூனையும் செத்த பல்லியைக் கொண்டுவந்து காலடியில் போடுகிறதே.

பெட்டி மேல ஏறி உக்காந்துடுச்சு, பெட்டி திறக்க மாட்டேங்குது!

பூனை உட்கார்ந்த பெட்டி திறக்காது. அதுதான் விதி. பெட்டிக்குப் பதில் பீப்பாயில் சாமான் வை. பீப்பாயின் மேல் என்ன இருந்தாலும் திறக்கும்.

கிளிக்குக் குக்கி கொடுத்தேன்…

தெரியும். செத்துவிட்டது. கொடுத்தால் சாகும்படிதான் கேமில் வைத்திருக்கிறார்கள்.

இதற்கு ஒரு கதை உண்டு. 2017இல் கிளி வந்தபோது, சோதனைப் பதிப்பில் அதைப் பழக்கும் தீனியே குக்கிதான். சாக்லேட் போட்ட குக்கி. நிஜக் கிளிகளுக்குச் சாக்லேட் விஷம், கேமைப் பார்த்துவிட்டுச் சின்னப் பிள்ளைகள் வீட்டுக் கிளிக்கும் கொடுத்துவிடுவார்களே என்று ஆடுகிறவர்கள் எடுத்துச் சொன்னார்கள். கேமைச் செய்த கம்பெனியான மோஜாங் கேட்டுக்கொண்டது. பழக்குவதற்கு விதை என்று மாற்றினார்கள், குக்கி கொடுத்தால் சாகும் என்றும் வைத்தார்கள். ஒரு கேம் கம்பெனி செய்த திருத்தங்களில் எனக்கு மிகவும் பிடித்தது இது.

கோதுமை விதை நிறைய எடுத்துக்கொண்டு ஜங்கிளுக்குப் போ. ஜாவாவில் பத்தில் ஒன்றுதான் வாய்ப்பு, ஆகவே பொறுமை. பழகியதும் தோளில் உட்காரும். மேட்டிலிருந்து குதித்தாலோ தண்ணீரில் இறங்கினாலோ இறங்கிவிடும். அருகில் ஜாம்பியோ க்ரீப்பரோ இருந்தால் அதன் குரலைத் தானும் எழுப்பும். முதல் நாள் பயந்து நீயே வாளை வீசிவிடாதே. ஜூக்பாக்ஸில் பாட்டுப் போட்டால் ஆடும். குட்டி போடாது. ஒன்று செத்தால் மறுபடியும் ஜங்கிள்தான்.

கூடவே இதையும் சொல்லிவிடுகிறேன். கேமில் பிடித்த சந்தோஷத்தில், வேப்பமரத்துப் பொந்தில் இருக்கும் பச்சைக்கிளியைப் பிடித்துக் கூண்டில் அடைக்கலாமா என்று ஒரு பையன் கேட்டான். கூடாது. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம், 1972இன்படி அது குற்றம்.

குதிரை தள்ளி விட்டுக்கிட்டே இருக்கு.

தள்ளும், மறுபடி ஏறு. வெறுங்கையோடு ஏறு, சேணம் இப்போது வேண்டாம். ஒவ்வொரு தடவை ஏறும்போதும் கொஞ்சம் கொஞ்சமாக இணங்கும். எலும்பு மாதிரி இது கண்மூடித்தனமான தாயம் இல்லை, நீ பட்ட பாடு சேரும். நடுவில் சர்க்கரை, ஆப்பிள், கோதுமை கொடுத்தால் சீக்கிரம் இணங்கும். இதயம் பறந்ததும் சேணம் போடு. முன்பு சேணத்தைச் செய்யவே முடியாது, பாழடைந்த இடங்களின் பெட்டிகளில் தேடிக் கிடைத்தால் உண்டு. 2025 ஜூனில் அதை மாற்றிவிட்டார்கள்: மூன்று தோல், ஓர் இரும்புக்கட்டி.

குதிரை நாயில்லை என்பதைப் பிள்ளைகள் மறந்துவிடுகிறார்கள். பின்னால் வராது, குதித்து வந்து சேராது, உட்கார் என்றால் உட்காராது. இறங்கினால் கயிறு போட்டு வேலியில் கட்டு. கட்டாமல் குகைக்குள் போய்விட்டு வந்து “யாரோ திருடிட்டாங்க” என்றால் நான் பஞ்சாயத்துக்கு வரமாட்டேன். சாமான் சுமக்கக் குதிரை ஆகாது, கழுதை பிடி. அதன் மேல் பெட்டி ஏற்றினால் 15 இடம் கிடைக்கும்.

நரி?

நேராகப் பழகாது. இரண்டு நரிகளுக்கு ஸ்வீட் பெர்ரி கொடுத்துக் குட்டி போட வை. அந்தக் குட்டி உன்னை நம்பும். கயிறு கட்டித் தாயிடமிருந்து பிரித்துக் கொண்டுவர வேண்டும். எனக்கு மனசு வராததால் நான் நரி வளர்ப்பதில்லை.

யானை?

மணக்குள விநாயகர் கோயில் தெருவில் வளர்ந்த பிள்ளைகள் இதைக் கேட்காமல் இருப்பார்களா? மோஜாங்கின் விளையாட்டில் யானை கிடையாது. மற்றவர்கள் செய்த மோட் என்ற கூடுதல் தொகுப்புகளில் பார்க்கலாம். எங்கள் கோயில் யானை லட்சுமி மாதிரி தும்பிக்கையால் தலையைத் தொடுமா என்றால், தொடாது. லட்சுமி 2022 நவம்பர் 30 காலை நடைக்குப் போன இடத்தில் சரிந்து விழுந்து போய்விட்டது. அன்றைக்கு அழாத வீடு எங்கள் பக்கம் இல்லை. எதிர்வீட்டுப் பையன் தன் உலகத்தில் சாம்பல் நிறக் கல்லால் ஒரு யானை கட்டி, காலில் கொலுசு மாதிரி இரும்புக் கட்டைகள் வைத்திருக்கிறான். கேமில் இல்லாததற்கு அதுதான் வழி.

என் நாயை இவனுக்குக் கொடுக்கலாமா?

முடியாது. யார் பழக்கினார்களோ அவர் சொல்லைத்தான் கேட்கும். அவனே ஒன்று பிடிக்கட்டும், நீ எலும்பு கொடு.

இன்னொன்று: நீ யாரை அடிக்கிறாயோ அவன் மேல் உன் நாய்களெல்லாம் பாயும். போன மாதம் விளையாட்டாக ஒருவன் இன்னொருவனைத் தட்ட, எட்டு நாய்கள் பாய, அவனுடைய ஆறு நாய்கள் பதிலுக்கு இறங்க, இரண்டு நிமிஷத்தில் குருக்ஷேத்திரம். மிஞ்சியது மூன்று நாய். அன்றிலிருந்து எங்கள் உலகத்தில் ஆளை ஆள் தட்டக் கூடாது.

ஏம்மா, கேம்ல நாய் செத்ததுக்கு எங்க பொண்ணு ராத்திரி பூரா அழுவுறா. இதெல்லாம் நல்லதா? எந்த வயசுல ஆடலாம்?

அத்தை, அழட்டும். அவள் பேர் வைத்து, கறி போட்டு, மூன்று மாதம் கூட வைத்திருந்த நாய் அது. “பொம்மைதானே” என்று மட்டும் சொல்லாதீர்கள், அதற்குப் பிறகு உங்களிடம் எதையும் சொல்ல மாட்டாள். வீட்டுக்குப் பின்னால் ஒரு கல் நட்டுப் பலகையில் பேர் எழுத வைத்தேன், ஞாயிற்றுக்கிழமை புது நாய் தேடக் கிளம்பிவிட்டாள்.

வயது பற்றிக் கேட்டீர்களே. ஐரோப்பாவில் இதற்கு ஏழு வயதுக்கு மேல் என்றும், அமெரிக்காவில் பத்துக்கு மேல் என்றும் தரம் போட்டிருக்கிறார்கள். தெரியாத ஆட்கள் வரும் சர்வருக்குள் விடாதீர்கள், வீட்டுக்குள்ளோ எங்கள் மாடியிலோ ஆடட்டும். இலவசமாகக் கிடைக்கிறது என்று யாரோ அனுப்பும் ஃபைலைப் போனில் ஏற்றாதீர்கள்.

அக்கா, நம்ம தெரு நாய்க்கு எலும்பு போட்டா அதுவும் பழகிடுமா?

இதைக் கேட்டவனுக்கு வயது எட்டு, கையில் பிரியாணி எலும்பு.

போடாதே. கேமில் எலும்பு, நிஜத்தில் வெந்த எலும்பு கூடாது. சிம்பு சிம்பாக உடைந்து குடலைக் கிழிக்கும். சாக்லேட்டும் கூடாது, கிளிக்குப் போலவே நாய்க்கும் அது விஷம். கொஞ்சம் சோறு, உப்பு காரம் இல்லாமல், ஒரு தட்டில் வைத்துவிட்டுத் தள்ளி நில். தூங்கும் நாயையும் குட்டி போட்ட நாயையும் தொடவே தொடாதே. இது ஓநாய் இல்லை, மூன்றில் ஒன்று என்ற கணக்கெல்லாம் இதனிடம் கிடையாது. ஒரு நாளில் பழகும், ஆறு மாதமும் ஆகும்.

கடித்தாலோ நகம் கீறினாலோ அம்மா திட்டுவாள் என்று மறைக்காதே. உடனே குழாயடியில் சோப்புப் போட்டு 15 நிமிஷம் கழுவு, அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போய் ஊசி போட்டுக்கொள்ள வேண்டும். அத்தனை ஊசியையும் முடிக்க வேண்டும், முதல் ஊசியோடு நிறுத்தக் கூடாது.

பையன் எலும்பைத் தாளில் சுற்றிக் குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டு, வீட்டிலிருந்து தயிர்சாதம் கொண்டுவந்தான். நாய் மோந்து பார்த்துவிட்டு நடந்து போனது.